ரென்ஃப்ட்: கிழக்கு ஜெர்மனி இல்லாமலாக்கிய ராக் குழு – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சோஷலிச அரசின் கீழ் ஒரு ராக் குழு எப்படிப் பிழைத்தது, யாரிடம் அனுமதி வாங்கியது, எப்படிப் புகழ்பெற்றது, எப்படி முடிந்தது என்பதற்கு, லைப்சிக் நகரத்தின் ரென்ஃப்ட் குழுவைப் போலத் தெளிவான சாட்சி வேறில்லை என்பது என் எண்ணம். அந்தக் குழுவைப் பற்றி வழக்கமாக எழும் கேள்விகளையும் அவற்றுக்கான பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

ரென்ஃப்ட் என்பது யார்?

1958இல் லைப்சிக்கில் பதின்வயதுச் சிறுவன் ஒருவன் தொடங்கிய குழு. அவர் பெயர் கிளவுஸ் யெஞ்ச். தாய்வழிக் குடும்பப் பெயரான ரென்ஃப்ட்டைத் தன் மேடைப் பெயராக வைத்துக்கொண்டார். அதனால் குழுவின் பெயர் கிளவுஸ் ரென்ஃப்ட் காம்போ ஆயிற்று. பின்னாளில் வெறும் ரென்ஃப்ட். அவர் பேஸ் கிட்டார் வாசித்தார்.

இன்று ரென்ஃப்ட் என்றால் ரசிகர்கள் நினைப்பது எழுபதுகளின் முற்பகுதியில் இருந்த அணியைத்தான்: கரகரத்த, கிழியும் குரலில் பாடிய தாமஸ் ஷோப்பே, மென்மையாகப் பாடிய, கிட்டாரும் மரப் புல்லாங்குழலும் வாசித்த, 'சீசர்' என்று எல்லோரும் அழைத்த பீட்டர் கிளேசர், கீபோர்டில் கிறிஸ்டியான் கூனர்ட், டிரம்ஸில் யோஹன் ஹோல், சாக்ஸபோனில் பீட்டர் க்ஷெண்ட்ஸ். மேடையில் ஏறாத ஏழாவது ஆளும் ஒருவர் உண்டு. அவர் பாடலாசிரியர் கெருல்ஃப் பன்னாஹ். கதை முழுவதும் அவரைச் சுற்றித்தான் திரும்பப்போகிறது.

கிழக்கு ஜெர்மனியில் நான்கு பேர் சேர்ந்து நினைத்தவுடன் ஒரு குழுவைத் தொடங்க முடியுமா?

வீட்டுக்குள் வாசிக்கலாம். மக்கள் முன் வாசிக்க வேண்டுமென்றால் அரசு அனுமதி அட்டை வேண்டும். அதற்கு ஒரு மதிப்பீட்டுக் குழுவின் முன் வாசித்துக் காட்ட வேண்டும். உள்ளூர்ப் பண்பாட்டு அதிகாரிகள், இசை ஆசிரியர்கள், இளைஞர் அமைப்பின் பிரதிநிதிகள் ஆகியோர் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். வாசிப்புத் திறமையோடு உடை, முடி, மேடை நடத்தை, பாடல் தேர்வு எல்லாவற்றையும் பார்த்து ஒரு தரநிலையை வழங்குவார்கள். ஒரு மணி நேர வாசிப்புக்கு என்ன சம்பளம் கேட்கலாம் என்பதை அந்தத் தரநிலைதான் தீர்மானிக்கும். அது நிரந்தரமும் அல்ல. குறிப்பிட்ட காலத்துக்கு ஒருமுறை திரும்பவும் போய் நிற்க வேண்டும்.

தொழில்முறைக் கலைஞராக வேண்டுமானால் அதற்குத் தனி அட்டை. முறையான இசைக் கல்வி பெற்றதற்குச் சான்றும் காட்ட வேண்டும். இதனால் விளைந்த நன்மை ஒன்றையும் சொல்லியாக வேண்டும்: அந்த நாட்டின் ராக் கலைஞர்கள் பெரும்பாலோருக்கு இசைக் குறிப்புகளைப் படிக்கவும் எழுதவும் தெரிந்திருந்தது. பாடல்களின் கட்டமைப்பிலேயே அது கேட்கிறது.

ஆனால் இந்த ஏற்பாட்டின் உண்மையான பலம் வேறிடத்தில் இருந்தது. பாடகரைச் சிறையில் அடைக்க வேண்டியதில்லை, பாடலைத் தடை செய்ய வேண்டியதில்லை. அடுத்த முறை அட்டையைப் புதுப்பிக்காமல் விட்டாலே போதும். 1975இல் ரென்ஃப்ட்டுக்கு நடந்தது அதுதான்.

60:40 விதி என்றால் என்ன?

1958 ஜனவரியில் வந்த ஆணை. ஒரு நிகழ்ச்சியில் வாசிக்கும் பாடல்களில் குறைந்தது 60 சதவீதம் கிழக்கு ஜெர்மனியையோ பிற சோஷலிச நாடுகளையோ சேர்ந்ததாக இருக்க வேண்டும். மேற்கத்தியப் பாடல்கள் 40 சதவீதத்தைத் தாண்டக்கூடாது. பண்பாட்டுக் காரணத்தோடு பணக் காரணமும் அதில் இருந்தது. மேற்கத்தியப் பாடலை வாசித்தால் அதற்கான உரிமைத்தொகையை அந்நியச் செலாவணியில் கொடுக்க வேண்டும், அதற்கு அரசிடம் கையிருப்புக் குறைவு.

நிகழ்ச்சி முடிந்ததும் வாசித்த பாடல்களின் பட்டியலை உரிமைத்தொகை நிறுவனத்துக்கு எழுதி அனுப்ப வேண்டும். பட்டியலில் ஒன்று இருக்கும், மேடையில் வேறொன்று ஒலிக்கும் என்பது அங்கே எல்லோருக்கும் தெரிந்த நடைமுறை. அரங்கம் ரோலிங் ஸ்டோன்ஸ் பாடலைத்தான் கேட்டது.

வாத்தியங்கள் எங்கிருந்து வந்தன?

மார்க்நொய்கிர்ஹன் பகுதியில் செய்த உள்நாட்டுக் கிட்டார்கள் கிடைத்தன. ஆனால் மேற்கத்திய ஒலி வேண்டுமென்றால் மேற்கத்தியக் கிட்டாரும் ஆம்ப்ளிஃபயரும் வேண்டும். 1964 முதல் ஓய்வூதியம் பெறும் முதியவர்களுக்கு மேற்கே போய்வர அனுமதி இருந்தது. உறவினரைப் பார்க்கப் போன பாட்டி பேரனுக்காக எதையாவது கொண்டுவருவார். இல்லையென்றால் கள்ளச் சந்தைதான். விலை கேட்டால் தலை சுற்றும்.

அரசு ஆரம்பம் முதலே ராக் இசைக்கு எதிரியா?

எதிரி என்று ஒரே வரியில் முடித்துவிட்டால் கதையில் பாதி விட்டுப்போகும். அரசு ஊசலாடியது. அந்த ஊசலாட்டம்தான் ஒரு குழுவின் வாழ்வையும் சாவையும் முடிவு செய்தது.

ரென்ஃப்ட் குழு முதன்முறை 1962இல் தடை செய்யப்பட்டது. கிளவுஸ் உடனே 'பட்லர்ஸ்' என்ற பெயரில் வேறு குழுவைத் தொடங்கினார். பிறகு காற்று மாறியது. 1964இல் கிழக்கு பெர்லினில் பெரிய இளைஞர் மாநாடு நடந்தது. அதையொட்டி டிடி 64 என்ற இளைஞர் வானொலி பிறந்தது. அரசின் இசைத்தட்டு நிறுவனமான அமிகா, பீட்டில்ஸின் பாடல்களையே தட்டாக வெளியிட்டது. 'பீட்' எனப்பட்ட, உள்ளூர்க் குழுக்களின் துள்ளிசையும் தட்டேறியது. 1965 வசந்தத்தில் ஆளும் கட்சியின் நாளிதழே பட்லர்ஸைப் பாராட்டி எழுதியது.

அதே ஆண்டு அக்டோபரில் அதே குழு வாசிக்கக்கூடாது என்று உத்தரவு வந்தது. லைப்சிக் அதிகாரிகள் நகரத்தின் அமெச்சூர் கிட்டார் குழுக்களில் மிகப் பெரும்பாலானவற்றின் அனுமதியை ஒரே வீச்சில் பறித்தார்கள்.

1965 அக்டோபர் 31 அன்று லைப்சிக்கில் என்ன நடந்தது?

குழுக்கள் தடை செய்யப்பட்டதை எதிர்த்து ஞாயிற்றுக்கிழமை லொய்ஷ்னர் சதுக்கத்தில் கூடும்படி இளைஞர்களை அழைக்கும் துண்டறிக்கைகள் நகரத்தில் தோன்றின. அவற்றை அச்சடித்தவர்கள் பதின்வயதுப் பையன்கள். பயன்படுத்தியது, எழுத்து எழுத்தாகக் கோத்து மையில் ஒற்றும், குழந்தைகள் விளையாடும் ரப்பர் அச்சுப் பெட்டி. ஒவ்வொரு தாளையும் அப்படிக் கையால் குத்தி எடுத்திருக்கிறார்கள். பள்ளிகளில் 'யாரும் அங்கே போகக்கூடாது' என்று எச்சரித்தார்கள். துண்டறிக்கையைக் கண்டிராத மாணவர்களுக்கும் அப்படித்தான் செய்தி போய்ச் சேர்ந்தது.

அன்று வந்தவர்கள் பெரும்பாலும் கோஷம் போடவில்லை, பதாகை பிடிக்கவில்லை. நின்றார்கள், நடந்தார்கள், பார்த்தார்கள். கூட்டத்தில் கணிசமானோர் சாதாரண உடையில் வந்த காவலர்களும் கட்சி ஆட்களும்தான். தண்ணீர் பீய்ச்சும் வண்டி, நாய்கள், தடிகள் எல்லாம் வந்தன. 250க்கும் மேற்பட்டோர் கைது செய்யப்பட்டார்கள். அவர்களில் 97 பேரை லைப்சிக்குக்குத் தெற்கே உள்ள பழுப்பு நிலக்கரிச் சுரங்கங்களுக்குக் கண்காணிப்பின் கீழ் வேலைக்கு அனுப்பினார்கள். கிட்டார் இசையை விரும்பியதற்காகப் பிள்ளைகள் நிலக்கரி வெட்டினார்கள். எத்தனை முறை படித்தாலும் இந்த இடத்தை என்னால் அமைதியாகக் கடக்க முடிவதில்லை.

அந்த டிசம்பரில் கட்சியின் மத்தியக் குழு கூடியது. மேற்கிலிருந்து வரும் குப்பையையெல்லாம் நாம் நகலெடுக்க வேண்டுமா, அந்த 'யே யே யே'வுக்கு முற்றுப்புள்ளி வைக்க வேண்டாமா என்று தலைவர் வால்டர் உல்பிரிக்ட் கேட்டது அங்கேதான். அதே கூட்டத்தில் அரசியல் குழுவின் அறிக்கையை வாசித்து, இளைஞர் வானொலியையும் துள்ளிசையையும் சாடியவர் எரிக் ஹோனெக்கர். அவர் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

பிறகு எப்படி அதே குழு மீண்டும் மேடையேறியது?

1967இல் மறுபடி அனுமதி கிடைத்தது, பழைய பெயரிலேயே. 1971 மே மாதம் உல்பிரிக்ட்டின் இடத்துக்கு ஹோனெக்கர் வந்தார். ஆறு ஆண்டுகளுக்கு முன் துள்ளிசையைக் கண்டித்தவர், சோஷலிச நிலைப்பாட்டில் உறுதியாக நிற்பவருக்குக் கலையில் விலக்கப்பட்ட பொருள் எதுவும் இருக்கத் தேவையில்லை என்று அந்த ஆண்டு இறுதியில் பேசினார். இளைஞர்கள் மேற்கு வானொலியைத்தான் கேட்கப்போகிறார்கள். அவர்களை இழுக்க வேண்டுமானால் சொந்த ராக் இசை வேண்டும் என்ற கணக்கு அதற்குப் பின்னால் இருந்தது. 1973 கோடையில் கிழக்கு பெர்லினில் உலக இளைஞர் விழா நடக்கவிருந்தது; உலகம் பார்க்கும்போது நாடு இளமையாகத் தெரிய வேண்டும் என்ற விருப்பமும் சேர்ந்தது.

ரென்ஃப்ட் அந்த இடைவெளியில் வளர்ந்தது. 1973இல் முதல் நெடுந்தட்டு, 1974இல் இரண்டாவது. இரண்டையும் வெளியிட்டது அரசு நிறுவனமான அமிகாவேதான்.

ஒரு பாடல் இசைத்தட்டாவதற்கு எத்தனை வாசல்களைத் தாண்ட வேண்டும்?

பெரும்பாலான பாடல்கள் முதலில் வானொலி நிலையத்தின் ஒலிக்கூடத்தில்தான் பதிவாகும். சொந்தப் பணத்தில் வாடகைக்கு எடுக்கத் தனியார் ஒலிக்கூடம் கிடையாது. பதிவுக்கு முன் பாடல் வரிகளை ஆசிரியர் குழுவிடம் கொடுக்க வேண்டும். 'இந்தச் சொல் ஏன்? இந்த வரியில் யாரைச் சொல்கிறீர்கள்?' என்று கேள்விகள் வரும். திருத்தித் தர வேண்டும். பாடல் ஒலிபரப்பாகி வரவேற்புப் பெற்றால் அமிகா எடுத்துக்கொள்ளும். அங்கே மறுபடி ஒரு வாசிப்பு. அமிகாவைத் தவிர ராக் இசைக்கு வேறு தட்டு நிறுவனமே நாட்டில் இல்லை. நெடுந்தட்டின் விலை எங்கும் ஒன்றுதான், 16 மார்க் 10 ஃபெனிக். எத்தனை பிரதி அச்சிடுவது என்பதையும் அரசே முடிவு செய்தது. நல்ல தட்டு கடைக்கு வந்தால் சீக்கிரமே தீர்ந்துவிடும்.

வருமானம் தட்டிலிருந்து வந்ததைவிட மேடையிலிருந்துதான் அதிகம் வந்தது. சாக்சனி, துரிங்கியா பகுதிகளின் கிராமத்து விடுதிகளில் நடன மண்டபங்கள் இருந்தன. வாரக் கடைசிகளில் நடந்த நிகழ்ச்சிகள் காகிதத்தில் 'நடன மாலை'. உள்ளே பல மணி நேரம் நீளும் ராக் கச்சேரி. நீண்ட முடியும் பச்சைப் பார்க்கா கோட்டுமாக, சாலையில் கைகாட்டி வண்டி பிடித்து, ஊர் ஊராக ரென்ஃப்ட்டைத் தொடர்ந்து போன இளைஞர் கூட்டம் ஒன்று இருந்தது. காவல்துறைக்கு அந்தக் கூட்டத்தைப் பிடிக்காது. குழுவுக்கு அவர்கள்தான் உயிர்.

ஆங்கிலத்தில் பாடாமல் ஜெர்மன் மொழியில் பாடியது ஏன்?

அரசு வற்புறுத்தியது. ஆனால் அந்த நிர்ப்பந்தம் யாரும் எதிர்பாராத இடத்துக்குக் கொண்டுபோய்விட்டது. அறுபதுகளில் ஆங்கில வரிகளைக் காதில் விழுந்தபடி ஒப்பித்தவர்கள், இப்போது தங்கள் தெருவில் இருப்பவனுக்குப் புரியும் மொழியில் பாட வேண்டியிருந்தது. புரியும் மொழியில் பாடினால் ஒவ்வொரு வரிக்கும் எடை கூடிவிடுகிறது. மேற்கு ஜெர்மனியில் அப்போது ஜெர்மன் மொழி ராக் அரிதாகத்தான் இருந்தது. கிழக்கில் அது வழக்கமாகிவிட்டது. நல்ல கவிதை வரிகளை ராக் தாளத்தில் வைக்கும் கலையில் கிழக்கு முந்திக்கொண்டது என்றே நான் நினைக்கிறேன்.

ஒரு எடுத்துக்காட்டு. அவர்களின் மிகப் புகழ்பெற்ற பாடல்களில் ஒன்று ரோஜாவைப் பற்றியது. ரோஜாவைப் போற்றுகிறவன் அதன் முள்ளையும் போற்ற வேண்டியிருக்கிறது. ரோஜாவுக்கு ஆபத்து இருக்கும் வரை முள்ளும் இருக்கும். ஒருநாள் அது முள்ளை உதிர்த்துவிடும். தணிக்கை செய்பவர் இதைச் சோஷலிசத்தின் ஆயுதமேந்திய பாதுகாப்புக்கான நியாயம் என்று படிக்கலாம், அது தவறான வாசிப்பும் அல்ல. மண்டபத்தில் நிற்கும் பத்தொன்பது வயது இளைஞன், உதிரப்போகும் அந்த முள்ளையே கேட்டுக்கொண்டு வீட்டுக்குப் போகலாம். பாட்டு இருவருக்கும் துரோகம் செய்யவில்லை. மெல்லத் தொடங்கி ஏறும் அதன் மெட்டும் அப்படியே, கோபத்தையும் கனிவையும் ஒன்றாகச் சுமக்கிறது.

அவர்களைச் சிக்கலில் மாட்டிவிட்ட பாடல்கள் எவை?

மூன்றாவது தட்டுக்காகப் பன்னாஹ் எழுதியவற்றில் இரண்டு பாடல்கள்.

ஒன்று சின்ன ஓட்டோவின் கதை. எல்பே ஆற்றங்கரை ஊரில் வாழும் எளிய மனிதன் ஓட்டோ. வாழ்க்கை ஒரு லாட்டரிச் சீட்டு, ஆனால் எண்களைக் குறிப்பது அதிகாரி என்று அவன் சொல்வதுண்டு. அந்த ஆறு எல்லையைக் கடந்து மேற்கு ஜெர்மனியின் ஹாம்பர்க்குக்குப் போகிறது, படகுகளும் போகின்றன, ஓட்டோவால் போக முடியவில்லை. முயல்கிறான், பிடிபடுகிறான், இறுதியில் அந்த ஆற்று நீரிலேயே அவன் கதை முடிகிறது. அனுமதியின்றி நாட்டை விட்டு வெளியேறுவது அங்கே சட்டப்படி குற்றம். அதைப் பற்றிப் பாடுவது நினைத்துப் பார்க்க முடியாத காரியம்.

மற்றொன்று நம்பிக்கை பற்றிய பாடல். கொடிக்கு உறுதிமொழி எடுத்து விறைப்பாக நிற்பவன் எதை நம்புகிறான்? துப்பாக்கியைத் தொட மறுத்து, மண்வெட்டியைத் தன் கொடியாகச் சுமப்பவன் எதை நம்புகிறான்? இது வெறும் உருவகமல்ல. 1962இல் கட்டாய ராணுவச் சேவை வந்தது. 1964 முதல் ஆயுதம் ஏந்த மறுப்பவர்களுக்கு ராணுவத்திலேயே கட்டுமானப் பிரிவு அமைக்கப்பட்டது. அவர்களின் சீருடைத் தோள்பட்டையில் மண்வெட்டிச் சின்னம் இருந்தது. பெரும்பாலும் கிறிஸ்தவ நம்பிக்கையுள்ளவர்கள். அப்படி ஒரு பிரிவு இருப்பதைப் பற்றிப் பொதுவெளியில் பேசவே மாட்டார்கள். ரென்ஃப்ட் அதை மைக்கில் பாடியது.

என் மதிப்பீட்டில் இரண்டாவது பாடல்தான் மேலானது. அது யாரையும் திட்டவில்லை. இருவரிடமும் ஒரே கேள்வியைக் கேட்கிறது, பதிலைச் சொல்லாமல் நகர்கிறது.

1975 செப்டம்பர் 22 அன்று உண்மையில் என்ன நடந்தது?

அட்டையைப் புதுப்பிப்பதற்காகக் குழு லைப்சிக்கில் மதிப்பீட்டுக் குழுவின் முன் வாசித்துக்காட்ட வேண்டிய நாள் அது. வாத்தியங்களோடு போனார்கள். வாசிக்கத் தேவையில்லை என்று சொல்லிவிட்டார்கள்.

மதிப்பீட்டுக் குழுவின் தலைவி பேசினார். பாடல் வரிகளுக்கும் நமது சோஷலிச யதார்த்தத்துக்கும் சம்பந்தமில்லை. தொழிலாளர் வர்க்கம் அவமதிக்கப்படுகிறது. அரசும் பாதுகாப்பு அமைப்புகளும் இழிவுபடுத்தப்படுகின்றன. ஆகவே இந்தக் குழு இனி இல்லை என்பதே எங்கள் கருத்து. 'அப்படியென்றால் எங்களைத் தடை செய்துவிட்டீர்களா?' என்று கேட்கிறார்கள். தடை என்று நாங்கள் சொல்லவில்லை, நீங்கள் இனி இல்லை என்றுதான் சொன்னோம் என்பது பதில். இத்தனைக்கும் இசைக்கலைஞர்கள் அவர் எதிரில்தான் இருக்கிறார்கள்.

இந்த உரையாடல் வாய்வழிக் கதையாகப் போயிருக்க வேண்டியது. அப்படி ஆகாததற்குக் காரணம் கிளவுஸ் ரென்ஃப்ட். ஒரு கேசட் ரெக்கார்டரை மறைத்து எடுத்துப்போய் எல்லாவற்றையும் பதிவு செய்துவிட்டார். பிடிபட்டிருந்தால் விளைவு கடுமையாக இருந்திருக்கும். அந்த ஒலிப்பதிவு இன்றும் இருக்கிறது. அதில் யாரும் கத்துவதில்லை, யாரும் மிரட்டுவதில்லை. வழக்கமான அலுவல் ஒன்றை முடித்து வைக்கும் குரல்தான் கேட்கிறது. அவர்களின் எந்தப் பாடலையும்விட அந்த ஆட்சியைப் பற்றி அதிகம் சொல்வது அந்தப் பதிவுதான் என்பேன்.

'தடை' என்ற சொல்லை ஏன் தவிர்த்தார்கள்?

தடை என்றால் ஆணை எழுத வேண்டும், காரணம் காட்ட வேண்டும், மேற்கத்தியப் பத்திரிகைகள் அதைச் செய்தியாக்கும். நாட்டிலேயே மிகவும் விரும்பப்பட்ட குழு வேறு. 1965இல் தடையால் வீதியில் கூட்டம் கூடிய நினைவும் அதே நகரத்துக்கு உண்டு. இல்லை என்று அறிவித்துவிட்டால் இவை எதுவும் தேவைப்படவில்லை. வானொலியில் பாடல்கள் ஒலிப்பது நின்றது. தட்டுகள் கடையிலிருந்தும் பட்டியலிலிருந்தும் மறைந்தன. கேட்பவரிடம் யாரும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

குழுவுக்குள் ஒற்றுமை இருந்ததா?

இல்லை. இதை மறைத்து அவர்களை மாவீரர்களாக மட்டும் காட்டுவது அவர்களுக்கே செய்யும் அநியாயம். பன்னாஹும் கூனர்ட்டும் மேலும் கூர்மையாகப் போக வேண்டும் என்று நின்றார்கள். மற்றவர்களில் சிலர், மேடை போய்விட்டால் பாடலும் போய்விடுமே, கொஞ்சம் நிதானமாகப் போகலாம் என்றார்கள். மதுவும் சண்டையும் அவர்களோடு பயணம் செய்தன. அந்தப் பிளவு அதிகாரிகளுக்குத் தெரியும். அதைப் பயன்படுத்தவும் செய்தார்கள். நிதானம் கேட்டவர்களைக் கோழை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. குடும்பம் இருந்தது, கற்ற தொழில் ஒன்றே ஒன்று இருந்தது, அந்தத் தொழிலுக்கு முதலாளியும் ஒருவரே.

அதன் பிறகு ஒவ்வொருவருக்கும் என்ன ஆயிற்று?

கிளவுஸ் ரென்ஃப்ட் 1976இல் மேற்கு பெர்லினுக்குப் போய்விட்டார்.

சீசரும் டிரம்ஸ் கலைஞர் ஹோலும் நாட்டிலேயே தங்கி, 1976இல் உருவான கருசெல் என்ற குழுவில் சேர்ந்தார்கள். அந்தக் குழுவுக்கு அனுமதி கிடைத்தது, தட்டுகளும் வந்தன. இல்லாமலாக்கப்பட்ட குழுவின் குரல்களில் ஒன்று வேறு பெயரில் வானொலிக்குத் திரும்பியதை ரசிகர்கள் உடனே அடையாளம் கண்டுகொண்டார்கள்.

பன்னாஹுக்கும் கூனர்ட்டுக்கும் நடந்தது கொடுமை. 1976 நவம்பரில் பாடகர் வொல்ஃப் பியர்மன் மேற்கு ஜெர்மனியின் கொலோன் நகரில் கச்சேரி செய்துகொண்டிருந்த பயணத்திலேயே அவருடைய குடியுரிமையைக் கிழக்கு ஜெர்மனி பறித்தது. நாடெங்கும் எழுத்தாளர்களும் கலைஞர்களும் எதிர்த்தார்கள். அந்த நாள்களில் பன்னாஹ், கூனர்ட், அவர்களின் நண்பரான எழுத்தாளர் யூர்கன் ஃபூக்ஸ் மூவரும் கைது செய்யப்பட்டு, பெர்லின் ஹோஹென்ஷோன்ஹவுசனில் உள்ள, அரசின் ரகசியக் காவல்துறையான ஸ்டாசியின் விசாரணைச் சிறையில் ஒன்பது மாதங்கள் வைக்கப்பட்டார்கள். 1977 ஆகஸ்டில் சிறையிலிருந்து நேராக மேற்கு பெர்லினுக்கு அனுப்பிவிட்டார்கள். அங்கே பன்னாஹும் கூனர்ட்டும் இருவர் குழுவாகத் தொடர்ந்து பாடினார்கள். ஷோப்பே 1978இல் மேற்கே போனார்.

மேற்கில் அவர்களுக்குச் சுதந்திரம் கிடைத்தது, அரங்கம் கிடைக்கவில்லை. அவர்களின் ஒவ்வொரு வரிக்கும் சிரித்த, அழுத, மூச்சைப் பிடித்துக்கொண்ட மக்கள் பெர்லின் சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தார்கள்.

அப்படியானால் அரசோடு ஒத்துப்போன குழுக்கள் எல்லாம் கைப்பாவைகளா?

இந்தக் கேள்வி அடிக்கடி வருகிறது, அதில் ஒரு அவசரமும் இருக்கிறது. பூடிஸ் குழுவை எடுத்துக்கொள்ளுங்கள். 1969இல் தொடங்கியது, 1973இல் பவுல், பவுலா என்ற இருவரின் காதலைச் சொல்லும் திரைப்படத்தில் இடம்பெற்ற பாடல்களால் நாடு முழுக்கப் பரவியது, 1976 முதல் மேற்கு ஜெர்மனியில் கச்சேரி செய்ய அனுமதிக்கப்பட்டது, 1982இல் தேசிய விருது பெற்றது. அரசின் செல்லப் பிள்ளை என்று ரென்ஃப்ட் ரசிகர்கள் அவர்களைத் தூற்றுவது வழக்கம். ஆனால் மக்கள் அந்தப் பாடல்களைக் கட்டளையின் பேரில் நேசிக்கவில்லை. திருமணங்களிலும் சவ அடக்கங்களிலும் ஒலிக்கும் பாடல்கள் அவை.

சிட்டி குழுவின் பாடகர் டோனி கிரால், 1968இல் பிராக் நகரத்துக்குள் டாங்கிகள் நுழைந்ததை எதிர்த்து இளம் வயதிலேயே சிறைக்குப் போனவர். பிறகு அனுமதி பெற்ற, தட்டு வெளியிட்ட கலைஞரானார். 1989 செப்டம்பர் 18 அன்று ராக் கலைஞர்களும் பாடகர்களும் நாட்டின் நிலை குறித்துக் கூட்டறிக்கை ஒன்றை எழுதினார்கள். உரையாடல் வேண்டும், புதிய குடிமக்கள் இயக்கங்களுக்கு இடம் வேண்டும் என்றது அது. கிரால், சில்லி குழுவின் பாடகி தமாரா டான்ஸ் போன்றோர் முன்னின்றார்கள். அந்த அறிக்கையை மேடையில் வாசிக்கக்கூடாது என்று அதிகாரிகள் சொன்னார்கள். கச்சேரிக்குக் கச்சேரி வாசித்தார்கள். அட்டை வைத்திருந்தவர்கள்தான் அதைச் செய்தார்கள். மேடை அவர்களிடம்தானே இருந்தது.

ரென்ஃப்ட் சோஷலிசத்துக்கு எதிரான குழுவா?

அப்படிச் சொன்னால் அவர்களின் பாடல்களைக் கேட்கவில்லை என்று பொருள். சிலியில் 1973இல் நடந்த ராணுவக் கவிழ்ப்புக்கு எதிராக அவர்கள் பாடியது கடமைக்காக அல்ல. கூட்டாக வாழ்வது, நீதி, போருக்குப் பின் எழும் மனிதன் என்று அவர்கள் பாடியவை அந்த நாடு தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டவையேதான். பன்னாஹின் குற்றம், அந்த வாக்குறுதிகளை நிஜமாக எடுத்துக்கொண்டு கணக்குக் கேட்டது. எதிரியை எதிரி என்று முத்திரை குத்தி ஒதுக்கிவிடலாம். உள்ளேயிருந்து, அதே மொழியில் கேட்பவனுக்கு அந்த அரசிடம் பதில் இல்லை. அந்தக் குழுவின் மீது எனக்குள்ள மதிப்புக்கு அடிப்படை இதுதான்.

ஸ்டாசி கோப்புகளில் இவர்களைப் பற்றி இருந்ததா?

இருந்தது. 1991 டிசம்பரில் இயற்றப்பட்ட சட்டத்தால் பாதிக்கப்பட்டவர்கள் தங்கள் கோப்புகளைப் படிக்க முடிந்தது. ராக் உலகம் முழுவதிலும் தகவல் கொடுத்தவர்கள் இருந்தது அப்போது தெரியவந்தது. சக கலைஞர்களும் அதில் அடக்கம். பல நட்புகள் அதோடு முடிந்தன.

பன்னாஹ் 1998இல் புற்றுநோயால் இறந்தார். ஃபூக்ஸும் மறு ஆண்டே புற்றுநோயால் இறந்தார். சிறையில் இவர்கள் மீது வேண்டுமென்றே கதிர்வீச்சு பாய்ச்சப்பட்டதா என்ற சந்தேகம் எழுந்து, விசாரிக்கப்பட்டது. அது நிரூபிக்கப்படவில்லை. ஆகவே அதை உண்மை என்று பரப்புவது சரியல்ல.

சுவர் விழுந்த பிறகு குழு திரும்ப வந்ததா?

வந்தது. 1990இல் பழைய அணி மீண்டும் சேர்ந்து கிழக்கு முழுவதும் கச்சேரி செய்தது. பதினைந்து ஆண்டுகளாக வானொலியில் ஒலிக்காத பாடல்களை அரங்கம் முழுவதும் சேர்ந்து பாடியது. தேய்ந்த தட்டுகளும் நகலின் நகலான கேசட்டுகளும் அவற்றைக் காப்பாற்றி வைத்திருந்தன. பழைய சண்டைகளும் கூடவே திரும்பின, பிரிவுகள் நடந்தன, ஆள்கள் மாறினார்கள். கிளவுஸ் ரென்ஃப்ட் 2006 அக்டோபரில் துரிங்கியாவில் காலமானார். சீசர் 2008 அக்டோபரில். குழுவின் பெயரை ஷோப்பே தொடர்ந்து மேடைக்குக் கொண்டுபோனார்.

புதிதாகக் கேட்பவர் எங்கே தொடங்கலாம்?

முதலில் ரோஜா பாடல். அடுத்து, தான் பறவையாக இருந்த காலத்தை ஒருவன் நினைத்துப் பார்க்கும் பாடல். ஜெர்மன் தெரியாதவருக்கும் குரலே போதும். பிறகு சீசர் பாடும் ஆப்பிள் கனவுப் பாடலைக் கேளுங்கள். இவற்றுக்குப் பிறகு ஓட்டோவுக்கும் மண்வெட்டிச் சிப்பாய்க்கும் வாருங்கள். கிழக்கு ஜெர்மனி இருந்தவரை அந்த இரண்டும் அங்கே தட்டாக வரவில்லை, இப்போது கிடைக்கின்றன. வரிகளின் மொழிபெயர்ப்பைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கேட்பது நல்லது. 1975ஆம் ஆண்டின் அந்த அலுவலக ஒலிப்பதிவைக் கடைசியில் கேளுங்கள், பாடல்கள் காதில் பதிந்த பிறகு.